கேம் ஏற்றுவோர் கவனத்துக்கு

இந்தக் கையேட்டைப் பயன்படுத்த இரண்டு தகுதிகள் போதும். உங்களிடம் ஒரு ப்ளேஸ்டேஷன் 3 இருக்க வேண்டும். அதில் சோனி போட்டுக் கொடுத்த மென்பொருள் அப்படியே இருக்கக் கூடாது. விளையாடத் தெரிந்திருக்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. விளையாட்டு இந்த வேலையில் கடைசியாக வருவது. அதுவரை போனவர்கள் குறைவு.

எந்த கேமை எங்கிருந்து எடுப்பது என்று இதில் சொல்லப்போவதில்லை. அதைச் சொல்லித்தர ஊரில் ஆள் இருக்கிறார்கள், கேட்காமலே சொல்வார்கள். காசு கொடுத்து வாங்கிய கேமை, காசு கொடுத்து வாங்கிய மெஷினில் ஓட வைக்க என்ன பாடு பட வேண்டும் என்பதுதான் நம் பாடத்திட்டம். காசு கொடுக்காதவர்களுக்கு இதில் பாதிப் பாடு கிடையாது. அது ஏன் என்பது போகப் போக விளங்கும்.

2006 நவம்பரில் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் வெளிவந்த பெட்டியை இப்போது எதற்கு நோண்டுகிறாய் என்று வீட்டில் கேட்பார்கள். பதில் தயாராக இருக்கட்டும்: "இதில் உள்ள கேம் வேறு எதிலும் வராது." இது சமாளிப்பு இல்லை. சோனி, தோஷிபா, ஐ.பி.எம். மூன்றும் சேர்ந்து உருவாக்கிய 'செல்' என்ற விசித்திரமான பிராசஸர் இதற்குள் இருக்கிறது. அதற்காக எழுதப்பட்ட கேம்களை பி.எஸ். 5-ஆலும் நேரடியாக ஓட்ட முடியாது. எங்கோ ஒரு சர்வரில் ஓடவிட்டு, படத்தை மட்டும் இணையம் வழியாக அனுப்புகிறார்கள். அந்த வசதியும் 2022-இல் இந்தியாவுக்கு ப்ளேஸ்டேஷன் ப்ளஸ் என்ற சந்தாச் சேவை புதிய உருவில் வந்தபோது வரவில்லை. அமெரிக்காவுக்கு 'பிரீமியம்', நமக்கு அந்த வசதி இல்லாத 'டீலக்ஸ்'.

இன்னும் கேட்டால் இதையும் சொல்லுங்கள். அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் ஓர் ஆய்வை வெளியிட்டது. 2010-க்கு முன் அந்நாட்டில் வந்த கேம்களில் 87 சதவீதம் இன்று எந்தக் கடையிலும் விலைக்குக் கிடைப்பதில்லை என்கிறது அது. புள்ளிவிவரம் சொன்னால் பொதுவாக வீட்டில் பேச்சை நிறுத்திவிடுவார்கள்.

முதல் படி: பெட்டியைத் தேர்ந்தெடுத்தல்

பி.எஸ். 3 மூன்று உடல்வாகுகளில் வந்தது. முதலில் வந்த தடியன் பார்க்கக் கம்பீரமானவன். எந்த நேரமும் மஞ்சள் விளக்கைக் காட்டிவிட்டுக் கண்ணை மூடக்கூடியவன். அடுத்து வந்த ஸ்லிம்மில் 2500 வரிசை எண் வரை உள்ளவை நிரந்தர மாற்றத்துக்குச் சம்மதிக்கும். அதற்குப் பிந்தைய ஸ்லிம்மும், கடைசியாக வந்த சூப்பர் ஸ்லிம்மும் பிடிவாதக்காரர்கள். இவர்களுக்கு 'ஹென்' என்ற தற்காலிக ஏற்பாடுதான். ஒவ்வொரு முறை ஆன் செய்யும்போதும் அதைத் தேடிப் போய் எழுப்ப வேண்டும். மறந்துவிட்டு ஏற்றிய கேமைத் தொட்டால், பெட்டி உங்களை யாரென்றே தெரியாத மாதிரி பார்க்கும்.

சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டிலும் பர்மா பஜாரிலும் 'சிப் வெச்ச பி.எஸ். 2' வாங்கிப் பழகிய தலைமுறைக்கு ஓர் எச்சரிக்கை. அந்தக் காலத்தில் சிப்பை வைத்தால் வேலை முடிந்தது. எந்த டிஸ்க்கைப் போட்டாலும் ஓடியது. உரிமம் என்ற பேச்சே இல்லை. "ஜெயில்பிரேக் பண்ணி கேம் ஏத்தித் தர்றோம் சார்" என்று கடைக்காரர் சொல்வதை அந்தப் பழைய நினைப்பில் கேட்டுவிடாதீர்கள். ஏற்றுவது வேறு, ஓடுவது வேறு. ஏற்றியதற்குத்தான் அவர் காசு வாங்கினார்.

இரண்டாம் படி: வரலாறு

மற்ற கையேடுகள் இதைத் தவிர்த்துவிடும். நாம் தவிர்க்கக் கூடாது. வேலை நடுவில் நின்றுபோகும் ராத்திரிகளில் உங்களுக்குத் துணையாக இருக்கப்போவது இந்த வரலாறுதான்.

ஆரம்பகால பி.எஸ். 3-இல் லினக்ஸ் போட்டுக்கொள்ள சோனியே வழி வைத்திருந்தது. 'அதர் ஓ.எஸ்.' என்று பெயர். கல்லூரிகள் வாங்கின, ஆராய்ச்சிக்காரர்கள் வாங்கினார்கள். அமெரிக்க விமானப்படை 1,760 பெட்டிகளைக் கோத்து, காண்டோர் கிளஸ்டர் என்று ஒரு சூப்பர் கம்ப்யூட்டரையே கட்டியது. பிறகு 2010 ஏப்ரல் 1 அன்று 3.21 என்ற அப்டேட் வந்தது. தேதியைப் பார்த்து வேடிக்கை என்று நினைத்தவர்கள் உண்டு. வேடிக்கை இல்லை. பாதுகாப்பு என்ற பெயரில் லினக்ஸ் வசதியைப் பிடுங்கிக்கொண்டார்கள். அப்டேட் செய்தால் லினக்ஸ் போகும். செய்யாவிட்டால் ஆன்லைன் கடையும் புதிய கேம்களும் போகும். இரண்டில் எது போகலாம் என்று தேர்ந்தெடுக்கும் சுதந்திரம் மட்டும் வாங்கியவருக்கு முழுமையாக வழங்கப்பட்டது. அமெரிக்காவில் இதை எதிர்த்துப் போட்ட வழக்கு இழுத்து இழுத்து, 2018-இல் 37.5 லட்சம் டாலர் சமரசத்தில் முடிந்தது.

லினக்ஸ் இருந்தவரை பி.எஸ். 3-இன் பூட்டை உடைக்கப் பெரும் புள்ளிகள் அவ்வளவாக மெனக்கெடவில்லை. பிடுங்கியதும் மெனக்கெட்டார்கள். 2010 டிசம்பரில் பெர்லினில் நடந்த, ஹேக்கர்களின் 27-ஆவது கேயாஸ் மாநாட்டில் 'ஃபெயில் ஓவர்ஃப்ளோ' என்ற குழு மேடையேறியது. சோனி தன் மென்பொருள் ஒவ்வொன்றிலும் ஒரு டிஜிட்டல் கையொப்பம் இடுகிறது. கையொப்பம் இல்லாத எதையும் பெட்டி ஓட்டாது. கையொப்பம் இடும் ஒவ்வொரு முறையும் புதிதாக ஓர் எண்ணைக் குலுக்கி எடுத்துச் சேர்க்க வேண்டும் என்பது அந்தக் கணக்கின் அடிப்படை விதி. சோனி ஒரு தடவை குலுக்கியது. வந்த எண் பிடித்துப்போனதோ என்னவோ, அதையே எல்லாக் கையொப்பத்துக்கும் வைத்துக்கொண்டது. அப்படி வைத்தால், இரண்டு கையொப்பங்களை எடுத்துப் பள்ளிக்கூட அல்ஜீப்ராவின் சாயலில் ஒரு கணக்குப் போட்டாலே ரகசியச் சாவி கையில் விழுந்துவிடும். விழுந்தது.

2011 ஜனவரியில் ஜார்ஜ் ஹாட்ஸ் என்ற இளைஞர் இன்னும் ஆழமான சாவி ஒன்றை வெளியிட்டார். பதினேழு வயதில் ஐஃபோனின் நெட்வொர்க் பூட்டைத் திறந்து பெயர் வாங்கியவர் அவர். சோனி வழக்குப் போட்டது. சாவி எங்கும் பரவக் கூடாது என்று நீதிமன்றப் படியேறியது. அடுத்த மாதம் சோனி விளம்பரங்களின் கற்பனை அதிகாரி கெவின் பட்லர் பெயரில் இயங்கிய ட்விட்டர் கணக்குக்கு யாரோ ஒருவர் அந்தச் சாவியை அனுப்பினார். கணக்கை நடத்தியவருக்கு அது வெறும் எழுத்தும் எண்ணுமாகத் தெரிந்திருக்கிறது. காகிதத்தில் கட்டம் போட்டுக் கப்பலை மூழ்கடிக்கும் விளையாட்டின் குறிப்பு என்று நினைத்துக் கிண்டலாக ஒரு வரி சேர்த்து, தன்னைப் பின்தொடரும் அத்தனை பேருக்கும் மறுபதிவு செய்துவிட்டார். பிறகு அவசரமாக அழித்தார்கள். ஏப்ரலில் ஹாட்ஸோடு சமரசமானதாக அறிவித்தார்கள்: சோனி பொருள்களில் இனிக் கை வைக்க மாட்டேன் என்று அவர் எழுதிக் கொடுத்தார்.

அதே ஏப்ரலில் யாரோ ப்ளேஸ்டேஷன் நெட்வொர்க்கின் சர்வருக்குள் புகுந்தார்கள். 7.7 கோடிக் கணக்குகளின் விவரங்கள் ஆபத்துக்குள்ளாயின. 20-ஆம் தேதி சோனியே நெட்வொர்க்கை மூடி, மூன்று வாரங்களுக்கு மேல் திறக்காமல் வைத்திருந்தது. நம் பாடத்துக்கு இதில் முக்கியமான இடம் ஒன்று உண்டு. கேப்காம் நிறுவனம் 'ஃபைனல் ஃபைட்: டபுள் இம்பாக்ட்', 'பயோனிக் கமாண்டோ ரீஆர்ம்ட் 2' ஆகிய கேம்களை, நெட்வொர்க்கில் உள்நுழைந்திருந்தால்தான் ஓடும் என்று பூட்டியிருந்தது. தனியாக உட்கார்ந்து ஆடுவதற்கும் அதே விதி. ஆகவே அந்த மூன்று வாரமும், காசு கொடுத்து வாங்கியவர்கள் அவற்றை ஆட முடியவில்லை. பூட்டு தன் வேலையை ஒழுங்காகச் செய்தது.

மூன்றாம் படி: பென் டிரைவ்

பி.எஸ். 3-க்கு ஃபேட் 32 என்ற பழைய முறையில் ஃபார்மட் செய்த பென் டிரைவ்தான் புரியும். இந்த முறையில் ஒரு ஃபைல் 4 ஜி.பி.யைத் தாண்டக் கூடாது. உங்கள் கேம் எப்போதும் 4 ஜி.பி.யைத் தாண்டியிருக்கும். எனவே அதைத் துண்டு துண்டாக வெட்டி, பிறகு பெட்டிக்குள் ஒட்ட வேண்டும். ஒட்டும்போது ஒரு துண்டு குறையும். எந்தத் துண்டு என்று பெட்டி சொல்லாது.

64 ஜி.பி. பென் டிரைவ் வாங்கியிருந்தால் இன்னொரு சுவாரசியம் காத்திருக்கிறது. விண்டோஸின் ஃபார்மட் பெட்டி 32 ஜி.பி.க்கு மேல் ஃபேட் 32-ஐக் காட்டவே காட்டாது. அந்த முறைக்கு அப்படி ஒரு வரம்பு உண்டா என்றால், கிடையாது. விண்டோஸ் எழுதியவர்கள் என்றைக்கோ வைத்த கோடு, தலைமுறை தலைமுறையாக அப்படியே நின்றது. இதற்கென்று தனியாக ஒரு மென்பொருள் இறக்க வேண்டும். அதை இறக்கும் இடத்தில் 'டவுன்லோட்' என்று பச்சை நிறத்தில் ஏழெட்டுப் பொத்தான்கள் இருக்கும். எல்லாவற்றிலும் சிறியதாக, சாயம் போனதாக, ஓரத்தில் ஒதுங்கியிருப்பதுதான் அசல்.

நான்காம் படி: பொட்டலத்தைப் பிரித்தல்

கடையில் வாங்கி இறக்கும் கேம் 'பி.கே.ஜி.' என்ற பொட்டலமாக வருகிறது. சோனியின் சொந்தக் கடையில் இறக்கினால், பொட்டலத்துக்கு ஓர் இடம், பிரித்துப் போட இன்னோர் இடம் என்று ஹார்ட் டிஸ்க்கில் ஏறத்தாழ இரண்டு மடங்கு காலியாக இருக்க வேண்டும். பென் டிரைவிலிருந்து ஏற்றினால் இந்தத் தொல்லை இல்லை. பொட்டலத்தின் பெயரைத் தேர்ந்தெடுத்து அழுத்திவிட்டுச் சாப்பிடப் போகலாம். திரும்பி வரும்போது 80029564 என்று ஓர் எண் திரையில் நின்றால், பொட்டலம் கெட்டிருக்கலாம், அல்லது ஹென்னை எழுப்ப மறந்திருப்பீர்கள். இரண்டில் எது என்று அந்த எண்ணும் சொல்லாது.

ஒழுங்காக ஏறினால் கேமின் படம் திரையில் வந்து உட்காரும். அழகாக இருக்கும். பின்னணி இசைகூடக் கேட்கும். ஃபோட்டோ எடுத்து நண்பர்களுக்கு அனுப்ப நினைப்பவர்கள் இப்போதே அனுப்பிவிடவும். படத்தை அழுத்தியதும் ஆரம்பிப்பது அடுத்த படி.

ஐந்தாம் படி: உரிமம்

இதுதான் கையேட்டின் இருதயம். நிதானமாகப் படிக்கவும்.

கேம் முழுவதும் உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் இருக்கிறது. 10 ஜி.பி. என்றால் பத்தும் இருக்கிறது. ஆனால் உள்ளே இருப்பது ரகசிய மொழியில் இருக்கிறது. அதைப் பிரித்துப் படிக்க ஒரு சாவி வேண்டும். அந்தச் சாவியின் அளவு 16 பைட். யூனிகோடின் யூ.டி.எஃப்.-8 முறையில் 'வணக்கம்' என்று எழுதவே 21 பைட் பிடிக்கும். ஒரு வணக்கத்துக்கும் போதாத அளவுள்ள இந்தச் சரக்கு இல்லாமல் பத்து ஜி.பி.யும் குப்பை.

சட்டப்படி வாங்கியவருக்கு இந்தச் சாவி நேரடியாகக் கையில் தரப்படுவதில்லை. 'ரிஃப்' என்ற உறையில் வைத்து ஒட்டித் தருவார்கள். உறையைப் பிரிக்க 'ஆக்ட்.டாட்' என்ற அனுமதிப் பத்திரம் வேண்டும். அந்தப் பத்திரம் செல்லுமா என்று பார்க்க, பெட்டியின் மதர்போர்டுக்கே சொந்தமான 'ஐ.டி.பி.எஸ்.' என்ற பிறவி எண் வேண்டும். அதுவும் 16 பைட்தான். மூன்றும் ஒத்துப்போனால் கேம் ஓடும். மதர்போர்டு செத்துப் போனால் பிறவி எண்ணும் அதோடு போயிற்று, அனுமதிப் பத்திரம் செல்லாது, உறை திறக்காது. ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி வேறு பெட்டியில் மாட்டலாமே என்றால், அந்த டிஸ்க்கும் பழைய பெட்டிக்கு மட்டுமே புரியும் மொழியில் எழுதப்பட்டிருக்கிறது.

சரி, புதுப் பெட்டி வாங்கி மறுபடி இறக்கிக்கொள்ளலாம். ஆரம்பத்தில் ஒரு கணக்குக்கு ஐந்து பெட்டிகள் வரை அனுமதி இருந்தது. நண்பர்கள் கூட்டாகப் பங்கு போட்டு வாங்குகிறார்கள் என்று கண்டுபிடித்து, 2011 நவம்பரில் அதை இரண்டாகக் குறைத்தார்கள். செத்துப்போன பெட்டியும் அந்த இரண்டில் ஒன்றாகக் கணக்கில் இருக்கும். அதன் பெயரை நீக்க அந்தப் பெட்டியையே ஆன் செய்து நீக்க வேண்டும். ஆன் ஆகாதே என்றால், எல்லாப் பெட்டிகளையும் மொத்தமாக நீக்கும் வழி ஒன்று உண்டு. ஆறு மாதத்துக்கு ஒருமுறைதான் அதைப் பயன்படுத்தலாம். இதற்குள் இரண்டாவது பெட்டியும் மஞ்சள் விளக்கைக் காட்டாமல் இருக்க வேண்டிக்கொள்ளவும்.

இனி மாற்றப்பட்ட பெட்டிக்கு வருவோம். பூட்டை உடைத்தாகிவிட்டது, இனி உரிமம் எதற்கு என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. பெட்டியின் வாசல் திறந்துவிட்டது, உண்மைதான். ஆனால் ஒவ்வொரு கேமும் தனித்தனியாகப் பூட்டப்பட்டிருக்கிறதே! ஆகவே உடைத்தவர்களும் அந்த 16 பைட்டை வைத்தாக வேண்டும். 'ராப்' என்ற சின்ன ஃபைலில் அதை வைத்து, 'எக்ஸ்டேட்டா' என்ற ஃபோல்டரில் போட்டால், பெட்டி அதைக்கொண்டு தானே ஒரு ரிஃப் உறை தயாரித்துக்கொள்ளும். அந்த உறைக்கும் ஆக்ட்.டாட் வேண்டும்; இல்லாவிட்டால் அதற்கும் ஒரு போலி. கோயில் மதிலேறிக் குதித்தவன், உள்ளே போனதும் அர்ச்சனைச் சீட்டு வரிசையில் நிற்கிறான். சீட்டையும் அவனே அச்சடித்து வைத்திருக்கிறான்.

ராப் ஃபைலுக்குப் பெயர் வைப்பதில் கவனம் வேண்டும். உள்ளே 16 பைட். வெளியே பெயர் 36 எழுத்து. முதல் எழுத்து அமெரிக்காவா, ஐரோப்பாவா, ஜப்பானா என்று சொல்லும். பிறகு நிறுவனத்தின் எண், கேமின் எண், நடுவில் ஓர் அடிக்கோடு, இரண்டு பூஜ்யம், கடைசியில் ஒரு பதினாறு எழுத்து. இதில் ஒன்று பிசகினாலும் 80010017 என்று திரை சொல்லும். பூஜ்யமா, ஆங்கில ஓ-வா என்று கண்ணைச் சுருக்கிப் பார்த்துக்கொண்டிருக்கும் உங்களை, மூக்குக் கண்ணாடிக் கடைக்காரர் பார்த்தால் வாழ்த்துவார்.

அந்த முதல் எழுத்தைப் பற்றித் தனியாக ஒரு வார்த்தை. பி.எஸ். 3 கேம் டிஸ்க்குகளுக்குப் பெரும்பாலும் நாட்டு எல்லை கிடையாது. அநேகமாக எந்த நாட்டு டிஸ்க்கும் எந்தப் பெட்டியிலும் ஓடும். அதை நம்பி நம்மூரில் பலர் அமெரிக்க டிஸ்க்கை விலை மலிவாக வாங்கினார்கள். பிறகு அதற்கான கூடுதல் பகுதிகளை இந்தியக் கணக்கில் காசு கொடுத்து இறக்கினார்கள். இந்தியக் கடை அப்போது ஐரோப்பியக் கிளையின் கீழ் இருந்தது. டிஸ்க் அமெரிக்கா, கூடுதல் பகுதி ஐரோப்பா. ஒன்றையொன்று அடையாளமே கண்டுகொள்ளவில்லை. பணம் போனது போனதுதான். டிஸ்க்கும் அசல், பணமும் அசல். ஏமாந்தவர் மட்டும் சென்னையில்.

டெமோக்களுக்கு உரிமம் தேவையில்லை. சோனி மனமுவந்து கொடுத்தது அது ஒன்றுதான்.

ஆறாம் படி: கடிகாரம்

பெட்டிக்குள் ஒரு வில்லை பேட்டரி இருக்கிறது, சி.ஆர். 2032. எந்தப் பெட்டிக்கடையிலும் கிடைக்கும். உரிமங்கள் பலவற்றுக்குத் தேதி பார்க்கும் பழக்கம் உண்டு என்பதால் அதை அலட்சியம் செய்யாதீர்கள். 2010 மார்ச் 1 அன்று நடந்ததைக் கேளுங்கள். தடியன் வகைப் பெட்டிகளின் உள்கடிகாரம் 2010-ஐ லீப் ஆண்டு என்று நினைத்துவிட்டது. பிப்ரவரி 28-க்கு அடுத்து அது 29-க்குப் போனது. உலகம் மார்ச் 1-க்குப் போனது. குழம்பிய பெட்டி 2000-ஆம் ஆண்டுக்குத் திரும்பியது. 8001050F என்று போட்டுவிட்டு நெட்வொர்க்கில் சேர மறுத்தது. பல கேம்கள் ஓடவே இல்லை. இருபத்து நான்கு மணி நேரம் பெட்டியைப் பயன்படுத்தாதீர்கள் என்று சோனி உலகத்துக்கு அறிவுரை சொன்னது. மறுநாள் கடிகாரம் தன் கற்பனை 29-ஐக் கடந்து மார்ச் 1-க்கு வந்ததும் எல்லாம் தானே சரியானது. இத்தனை பெரிய நிறுவனம் விடிவதற்குக் காத்திருந்து ஒரு கோளாறைச் சரிசெய்தது அதற்கு முன் உண்டா என்று தேடிப் பார்க்கலாம்.

அடுத்து வந்த பி.எஸ். 4-இலும் இதே வில்லை பேட்டரி ஒரு குண்டாக இருந்தது. பேட்டரி தீர்ந்து, நெட்வொர்க்கும் இல்லாவிட்டால், கடையில் வாங்கிய டிஸ்க்கூட ஓடாது. கேமைப் பாதுகாப்பவர்கள் பல மாதம் கத்திய பிறகு 2021 செப்டம்பரில் 9.00 அப்டேட்டில் சத்தமில்லாமல் சரிசெய்தார்கள்.

ஏழாம் படி: அப்டேட்

எப்போது கேட்டாலும் 'வேண்டாம்' என்று அழுத்தவும். 'சிஸ்டத்தின் செயல்திறன் மேம்படும்' என்று மட்டும் எழுதியிருக்கும். இத்தனை ஆண்டு மேம்பட்ட பிறகும் பெட்டி அதே வேகத்தில்தான் இருக்கிறது.

எட்டாம் படி: சட்டம்

நண்பர்கள் இருவர் இருப்பார்கள். ஒருவர், "நம்ம காசு, நம்ம பெட்டி, யார் கேட்பது?" என்பார். இன்னொருவர், "போலீஸ் வரும்" என்பார். இருவரும் சட்டத்தைப் படித்தவர்கள் இல்லை.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012 திருத்தத்தின்போது 65ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். உரிமையை மீறும் நோக்கத்தோடு தொழில்நுட்பப் பூட்டை உடைத்தால் இரண்டாண்டு வரை சிறை, அபராதமும் உண்டு. 'நோக்கத்தோடு' என்பதில்தான் நம் சட்டம் கொஞ்சம் மூச்சுவிட இடம் கொடுக்கிறது. 1998-இல் வந்த அமெரிக்காவின் டி.எம்.சி.ஏ. அவ்வளவு தாராளம் இல்லை. அங்கே பூட்டை உடைப்பதே சட்டமீறல். மூன்றாண்டுக்கு ஒருமுறை விதிவிலக்குக் கேட்டு மனுப் போடலாம். 2010-இல் செல்ஃபோன் ஜெயில்பிரேக்குக்கு விதிவிலக்குக் கிடைத்தது. 2012-இல் கேம் பெட்டிக்கும் கேட்டார்கள், மறுத்தார்கள்.

விற்றால் கதை வேறு. நின்டெண்டோ பெட்டிகளை உடைக்கும் கருவிகளை விற்ற டீம் எக்ஸிக்யூட்டர் கும்பலைச் சேர்ந்த கேரி பவுசருக்கு 2022-இல் அமெரிக்க நீதிமன்றம் 40 மாதச் சிறை விதித்தது. குற்ற வழக்கில் 45 லட்சம், உரிமையியல் வழக்கில் ஒரு கோடி டாலர் என்று நின்டெண்டோவுக்கு அவர் கட்ட வேண்டிய தொகை தனி. நின்டெண்டோவின் புகழ்பெற்ற வில்லன் பெயரும் பவுசர் என்பது தற்செயல். நீதிபதி அதற்காகத் தண்டனையைக் கூட்டவில்லை என்று நம்புவோம்.

என் தீர்ப்பு இதுதான். புதிதாக வந்த கேமைக் காசு கொடுக்காமல் ஏற்றி ஆடுவது திருட்டு. அந்த கேமை உருவாக்கிய, ஐந்து பேர் கொண்ட குட்டி நிறுவனத்தின் சோற்றில் கை வைப்பது. அதற்கு இந்தக் கையேட்டில் ஆதரவு கிடையாது. ஆனால் பதினைந்து வருடம் கழித்து, விற்பவரே கடையை மூடிவிட்டுப் போன பிறகும், வாங்கியவர் ஆடக் கூடாது என்று காவல் நிற்கும் பூட்டு யாருடைய சோற்றையும் காக்கவில்லை.

மூடுவார்களா என்று சந்தேகப்படுபவர்களுக்குச் சில தேதிகள். 'ஸ்காட் பில்கிரிம்' கேம் 2014 டிசம்பரில் கடையிலிருந்து காணாமல் போய், 2021 ஜனவரியில்தான் திரும்பி வந்தது. பி.எஸ். 4-க்கு இலவசமாக வந்த 'பி.டி.' என்ற பேய் கேமை 2015 ஏப்ரலில் எடுத்துவிட்டார்கள். ஏற்கெனவே இறக்கியிருந்தவர்கள் தங்கள் பெட்டியை ஆயிரம் டாலருக்கு மேல் விலை சொல்லி விற்க முயன்றார்கள். 2021 மார்ச்சில் பி.எஸ். 3, வீட்டா, பி.எஸ்.பி. கடைகளை மூடப்போவதாக சோனி அறிவித்தது. எதிர்ப்புக் கிளம்பியதும் மூன்றே வாரத்தில், முதல் இரண்டையும் மூடவில்லை என்று சொல்லிவிட்டது. 2023 டிசம்பரில், மக்கள் காசு கொடுத்து வாங்கிய டிஸ்கவரி நிகழ்ச்சிகளை அவர்கள் கணக்கிலிருந்தே நீக்கப்போவதாகச் சொன்னது. கூச்சல் எழுந்ததும் அதையும் தள்ளிவைத்தது. நின்டெண்டோ 2023 மார்ச் 27-இல் 3டி.எஸ்., வீ யூ கடைகளை மூடியது. 2024 ஜூலையில் எக்ஸ்பாக்ஸ் 360 கடை. யூபிசாஃப்ட் 2024 மார்ச் 31-இல் 'தி க்ரூ' கார் பந்தய கேமின் சர்வரை அணைத்தது. பிறகு வாங்கியவர்களின் உரிமத்தையே ரத்து செய்தது. டிஸ்க் வைத்திருந்தவருக்கும் ஓடவில்லை.

கலிஃபோர்னியாவில் 2025-இலிருந்து ஒரு சட்டம் நடப்பில் இருக்கிறது. டிஜிட்டல் பொருளை விற்கும்போது, தருவது உரிமம் மட்டுமே என்று கடைக்காரர் தெளிவாகச் சொல்ல வேண்டும். சொன்னால் போதும். திருப்பி எடுத்துக்கொள்வதை அந்தச் சட்டம் தடுக்கவில்லை.

ஒன்பதாம் படி: விளையாடுதல்

எல்லாம் முடிந்ததா? கேம்களின் படங்கள் வரிசையாகத் திரையில் நிற்கும். கன்ட்ரோலரை எடுத்து, மேலிருந்து கீழே ஒருமுறை, கீழிருந்து மேலே ஒருமுறை போய்வரவும். ஒன்றைத் திறந்து நிறுவனத்தின் முத்திரை வரும் வரை பார்க்கவும். ஓடுகிறது என்று உறுதியானதும் மூடவும். அடுத்ததைச் சோதிக்கவும். மணி இரண்டாகியிருக்கும். படுக்கவும்.

மாற்றிய பெட்டிக்காரர்களில் பெரும்பாலோர் ஆடுவது இந்த ஒரே விளையாட்டைத்தான். சலிக்காது, முடிவே கிடையாது, உரிமமும் தேவையில்லை.

கடைசியாக, பெட்டியை மாற்றாமல், பல ஆண்டுகளுக்கு முன் காசு கொடுத்து வாங்கிய கேம்கள் கணக்கில் கிடப்பவர்களுக்குக் கேலி இல்லாமல் சில வார்த்தைகள். இதை எழுதும்போது பி.எஸ். 3 கடை திறந்திருக்கிறது; வாங்கியதை மறுபடி இறக்க முடிகிறது. எத்தனை நாளைக்கு என்பது சர்வர் வைத்திருப்பவர் கையில். பெரும்பாலான பெட்டிகளுக்குள் இருப்பது சாதாரண இரண்டரை அங்குல சாட்டா ஹார்ட் டிஸ்க். அதை மாற்றிக்கொள்ள சோனியே அனுமதிக்கிறது. ஒரு ஸ்க்ரூட்ரைவரும் கால் மணி நேரமும் இருந்தால் போதும். பெரியதாக ஒன்றை வாங்கி மாட்டுங்கள். இறக்கிய கேம்களின் பட்டியலைத் திறந்து, வாங்கிய எல்லாவற்றையும் இந்த மாதமே இறக்கி, ஒவ்வொன்றையும் ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். டிஸ்க் இருந்தால் எக்காரணம் கொண்டும் விற்காதீர்கள். ஹார்ட் டிஸ்க்கை மாற்றும் முன்பே சேவ் ஃபைல்களைத் தனியாக ஒரு பென் டிரைவில் எடுத்து வையுங்கள். சில கேம்களின் சேவ் ஃபைலை நகலெடுக்க விடமாட்டார்கள். அவற்றுக்காகப் பெட்டியின் பேக்கப் வசதியைப் பயன்படுத்துங்கள். அந்த பேக்கப்பில் உள்ள பூட்டிய சேவ்களும் அதே பெட்டிக்குத்தான் திரும்பும். ஆகவே பெட்டியைத் தூசு தட்டி வையுங்கள்.